குறுவை வயலில் குழாய் புதைக்கலாமா?

கேள்வி: மன்னார்குடி பக்கம் எனக்கு 3 ஏக்கர் நஞ்சை இருக்கிறது. போர்வெல் இருப்பதால் குறுவை தவறுவதில்லை. போன மாதம் ஒரு நிறுவனத்து ஆட்கள் வந்தார்கள். நெல் வயலிலிருந்து வரும் வாயுவால் பூமி சூடாகிறதாம். வயலில் குழாய் புதைத்துத் தண்ணீரைக் காயவிட்டால் கார்பன் கிரெடிட் பணம் தருவார்களாம். கையெழுத்துப் போடச் சொல்கிறார்கள். இது நிஜமா? காயவிட்டால் மகசூல் விழாதா?

பதில்: வாயு வருவது நிஜம். குழாயைப் புதையுங்கள், இந்தக் குறுவையிலேயே. கையெழுத்துக்கு மட்டும் அவசரம் வேண்டாம்.

முதலில் வாயு. நடவு வயலில் காலை அமுக்கினால் சேற்றிலிருந்து குமிழ் குமிழாகக் கிளம்புமே, அதில் மீத்தேன் இருக்கிறது. வயலில் தண்ணீர் நின்றுகொண்டே இருந்தால் மண்ணுக்குள் காற்று இறங்காது. சில நாட்களில் மண்ணில் இருந்த ஆக்சிஜன் தீர்ந்துபோகும். அப்புறம் காற்றே தேவைப்படாத நுண்ணுயிர்கள் பெருகி, மட்கும் நெல்தாளையும் வேர்க்கழிவையும் தின்று மீத்தேனை வெளியிடுகின்றன. குமிழாக வருவது கொஞ்சம்தான். பெரும்பகுதி, 90 சதவீதம் வரைகூட, நெற்பயிர் வழியாகவே வெளியேறுகிறது. சேற்றுக்குள் இருக்கும் வேருக்கு மூச்சுக்காற்றை இறக்க நெல்லின் தண்டுக்குள் குழல் போன்ற இடைவெளிகள் உண்டு. காற்று இறங்கும் அதே வழியில் மீத்தேன் ஏறிவிடுகிறது.

இதைக் கேட்டு நெல் போட்டதே குற்றம் என்று நினைத்துவிடாதீர்கள். உலகில் மனிதர்களால் வெளியாகும் மீத்தேனில் நெல்லின் பங்கு 8 சதவீதம் அளவுதான். நிலக்கரி, எண்ணெய், எரிவாயுத் தொழில்களிலிருந்து 35 சதவீதம், கால்நடைகளிலிருந்து 32, குப்பையும் கழிவுநீரும் சேர்ந்து 20. 2021-இல் கிளாஸ்கோவில், 2030-க்குள் மீத்தேனை 30 சதவீதம் குறைப்போம் என்று பல நாடுகள் உறுதி எடுத்தபோது இந்தியா அதில் சேரவில்லை. நம் மீத்தேனில் பெரும்பகுதி சிறு விவசாயியின் மாட்டிலிருந்தும் வயலிலிருந்தும் வருகிறது, அவர்கள் பிழைப்பில் கைவைக்க முடியாது என்பது அரசின் வாதம். அது நியாயம் என்றே நானும் நினைக்கிறேன். ஆனால் ஒரு மூட்டைகூடக் குறையாமல் கிட்டத்தட்டப் பாதி மீத்தேனைத் தடுக்க வழி இருக்கும்போது அதைச் செய்யாமல் விடவும் எனக்கு மனம் வரவில்லை. மீத்தேன் சுமார் 12 ஆண்டுகளில் காற்றில் சிதைந்துவிடும். கார்பன் டை ஆக்சைடு போல நூற்றாண்டுக் கணக்கில் தங்காது. அதனால் இன்று குறைத்தால் நம் பிள்ளைகள் காலத்திலேயே பலன் தெரியும்.

அந்த வழி உங்களுக்குப் புதிதும் அல்ல. காய்ச்சலும் பாய்ச்சலும் என்று நம் ஊரில் சொல்வதுதான். புகையான் பூச்சி வந்தால் தண்ணீரை வடித்து வயலை ஆறவிடுவீர்களே, அதையே ஒழுங்காகவும் அளந்தும் செய்ய பிலிப்பைன்ஸில் உள்ள சர்வதேச நெல் ஆராய்ச்சி நிறுவனம் பரப்பிய கருவிதான் அந்தக் குழாய். இதை யாரும் உங்களுக்கு விற்க வேண்டியதில்லை. ஓர் அடி நீளத்துக்கு (30 செ.மீ.) பிவிசி பைப் வெட்டிக்கொள்ளுங்கள். விட்டம் 10 முதல் 15 செ.மீ. இருக்கட்டும். அதில் ஒரு பாதியில் சுற்றிலும் துளை போடுங்கள். துளையுள்ள பாதி சேற்றுக்குள்ளும் மீதி மேலேயும் இருக்கும்படி இறக்கி, உள்ளே இருக்கும் மண்ணைக் கையால் அள்ளி எடுத்துவிடுங்கள். வரப்போரமாக, எட்டிப் பார்க்க வசதியான இடமாக இருக்கட்டும். மேடாகவோ பள்ளமாகவோ உள்ள மூலையில் வைத்தால் கணக்கு தப்பும்.

மேலே தண்ணீர் வற்றிய பிறகும் குழாய்க்குள் தண்ணீர் தெரியும். வேர் அதைக் குடித்துக்கொண்டிருக்கிறது, பயிர் வாடாது. தண்ணீர் குழாயின் அடி வரை, அதாவது தரைக்குக் கீழே 15 செ.மீ. இறங்கியதும் 5 செ.மீ. உயரத்துக்குப் பாய்ச்சுங்கள். மறுபடி இறங்கட்டும். நட்ட முதல் இரண்டு வாரம் இதைச் செய்ய வேண்டாம். தண்ணீர் நின்றால்தான் களை அடங்கும். அதேபோல, பூக்கும் பருவத்தில், பூப்பதற்கு ஒரு வாரம் முன்பிருந்து ஒரு வாரம் பின்பு வரை தண்ணீர் கட்டியே ஆக வேண்டும். இதில் மட்டும் யார் என்ன சொன்னாலும் கேட்காதீர்கள். அந்தச் சமயத்தில் காய்ந்தால் பதர் விழும்.

மகசூல் பயத்துக்கு வருகிறேன். பல நாட்டுச் சோதனைகளைத் தொகுத்துப் பார்த்த 2017-ஆம் ஆண்டு ஆய்வில், 15 செ.மீ. வரம்புக்குள் காயவிட்ட வயல்களில் சொல்லும்படியான இழப்பு இல்லை. அதைத் தாண்டி வறளவிட்ட வயல்களில் 22 சதவீதத்துக்கு மேல் விழுந்தது. ஆக உங்கள் பயம் பொய் இல்லை, ஆனால் அதற்கு ஓர் அளவு இருக்கிறது. களிமண்ணில் தலைமுடி அளவு வெடிப்பு கண்டதும் பாய்ச்சிவிடுங்கள். விரல் நுழையும் அளவுக்கு வெடித்தால் அடுத்த பாய்ச்சல் முழுக்க வெடிப்புக்குள்ளேயே போகும். உப்பு ஏறிய மண் உள்ள கடைமடைக்காரர்கள் இதைச் செய்யவே வேண்டாம். காயும்போது உப்பு மேலே வரும்.

யூரியாவைப் பற்றி ஆட்கள் சொல்லியிருக்க மாட்டார்கள். வயல் நனைந்து காய்ந்து நனையும்போது யூரியாவில் உள்ள தழைச்சத்தின் ஒரு பகுதி நைட்ரஸ் ஆக்சைடாகப் போகும். அது கார்பன் டை ஆக்சைடைவிட 270 மடங்கு சூடேற்றும் வாயு, உங்கள் காசும் அதோடு போகிறது. ஒரே தடவையில் கொட்டாமல், இலையின் பச்சையை ஒப்பிட்டு உரத் தேவையைக் காட்டும் இலை வண்ண அட்டையை வைத்துப் பார்த்துப் பிரித்துப் போடுங்கள். காய்ந்த வயலில் போட்டு உடனே தண்ணீர் விட்டால் உரம் வேருக்கு இறங்கும். அப்புறம் அறுவடைத் தாள். அதை மடக்கி உழுது உடனே தண்ணீர் கட்டி நட்டால் மீத்தேன் பொங்கிவிடும். ஒரு மாதம் முன்பே உழுது காற்றோட்டத்தில் மட்கவிட்டால் அதில் பெரும்பகுதி வராது. கோடை உழவு அதற்குப் போதும்.

சரி, பணம். காலநிலைக்கான ஐ.நா. குழுவான ஐபிசிசி-யின் கணக்கு முறைப்படி, தெற்காசியாவில் தண்ணீர் நின்றுகொண்டே இருக்கும் வயலில் ஒரு ஹெக்டேருக்கு ஒரு நாளைக்கு 0.85 கிலோ மீத்தேன். நட்டதிலிருந்து 85 நாள் என்றால் ஏக்கருக்கு 29 கிலோ வரும். பலமுறை காயவிட்டால் 45 சதவீதம் குறையும் என்கிறது அதே முறை, அதாவது 13 கிலோ. நூறாண்டுக் கணக்கில் மீத்தேன் கார்பன் டை ஆக்சைடைவிட 28 மடங்கு சூடேற்றும் என்று வைத்தால், அது ஏக்கருக்கு மூன்றில் ஒரு பங்கு டன் கார்பன் டை ஆக்சைடுக்குச் சற்று மேல். ஒரு கிரெடிட் என்பது ஒரு டன் கார்பன் டை ஆக்சைடுக்குச் சமமான வாயுவைக் குறைத்ததற்கு விற்கக்கூடிய சான்று. உங்கள் 3 ஏக்கருக்கும் சேர்த்து ஒரு குறுவைக்கு ஒரு கிரெடிட்தான் தேறும். தாளை மடக்கி உழும் வயலாக இருந்தால் கொஞ்சம் கூடலாம். அதில் அளப்பவர், சரிபார்ப்பவர், விற்பவர் பங்கு போக மிச்சம்தான் உங்களுக்கு. ஏக்கருக்குப் பல்லாயிரம் என்று யாராவது சொன்னால் இந்தக் கணக்கைக் காட்டி விளக்கம் கேளுங்கள். 2024-இல், கிரெடிட்டுகளுக்குச் சான்று தரும் வெர்ரா அமைப்பு சீனாவின் 37 நெல் திட்டங்களைத் தள்ளுபடி செய்தது. இந்தச் சந்தை இன்னும் நிலைப்படவில்லை.

ஒப்பந்தத்தைத் தமிழில் கேட்டு வாங்கிப் படியுங்கள். எத்தனை வருடம், உங்கள் பங்கு எவ்வளவு, எப்போது கைக்கு வரும், நடுவில் விலக முடியுமா, ஒரு பருவம் காயவிட முடியாமல் போனால் என்ன ஆகும் என்று எழுத்தில் இருக்க வேண்டும். குத்தகை நிலம் கலந்திருந்தால் பணம் சாகுபடி செய்பவருக்கா, பட்டாதாரருக்கா என்பதையும் பாருங்கள். நாலு பேரிடம் காட்டிவிட்டு, அடுத்த குறுவையில்கூடக் கையெழுத்துப் போடலாம். வரும் பணத்தை உபரியாக எண்ணினால் ஏமாற்றம் இல்லை. மின்சாரம் இலவசம் என்பதால் கரண்ட் பில்லில் மிச்சம் தெரியாதுதான். போரில் தண்ணீர் நிற்கும், புகையான் குறையும், தூர் திடமாகும். நான் குழாயைப் புதைக்கச் சொல்வது அதற்காகத்தான்.

சம்பாவுக்கும் இதே திட்டம் என்று சொன்னால் ஒத்துக்கொள்ளாதீர்கள். ஐப்பசி, கார்த்திகை மழையில் வயலைக் காயவிடுவது நம் கையில் இல்லை. அங்கே புழுதியில் நேரடி விதைப்பு செய்தால், மழை வரும் வரை வயல் நீரில் நிற்காத அந்த வாரங்களே மீத்தேனைக் குறைக்கும். குறுவைக்கு மேட்டூர் ஜூன் 12-இல் திறந்தாலும் தள்ளிப்போனாலும், உங்களிடம் போர் இருக்கிறது. நடவு முடிந்த பதினைந்தாம் நாள் குழாயை எட்டிப் பார்க்கத் தொடங்குங்கள். முதல் தடவை ஒரு ஏக்கரில் மட்டும் செய்து, மற்ற இரண்டோடு மூட்டைக் கணக்கை ஒப்பிட்டு எனக்கு எழுதுங்கள்.