கதைப் பட்டறை: வாசகர் கேள்வி – பதில்

ஆறு வற்றிப்போன ஒரு கற்பனை நாடு. அங்கே உச்சிவெயிலில் தோன்றும் கானல், பார்ப்பவருக்கு நிஜ ஆறாகவே ஆகிவிடுகிறது. இதை வைத்து மாயக் கதை எழுதுகிறேன். படித்தவர்கள், ‘எது வேண்டுமானாலும் நடக்கும் என்றால் எதற்குப் பயப்படுவது?’ என்கிறார்கள். எங்கே தவறு?
– வாசகி, காட்பாடி

அவர்கள் கேட்பது நியாயம். உங்கள் கானல் எதையெல்லாம் மாற்றும் என்று எழுதியிருக்கிறீர்கள். எதை மாற்றாது என்று ஒரு வரிகூட இல்லை. மாயம் ஒரே ஒரு விதியைத்தான் உடைக்க வேண்டும். மற்ற விதிகளெல்லாம் முன்னைவிடக் கறாராக நிற்க வேண்டும்.

உடைப்பதற்கு முன் நிஜக் கானலின் கணக்கைத் தெரிந்துகொள்ளுங்கள். சித்திரை வெயிலில் பாலாற்று மணலை ஒட்டிய காற்று, மேலே உள்ள காற்றைவிட 20 டிகிரி சூடாக இருப்பதாக வைத்துக்கொள்வோம். சூடான காற்றுக்கு அடர்த்தி குறைவு. வானத்திலிருந்து சாய்வாக இறங்கும் ஒளி அந்த அடுக்கில் வளைந்து மேலேறிக் கண்ணுக்கு வருகிறது. நாம் தண்ணீர் என்று பார்ப்பது வானத்தைத்தான். வளையும் கோணம் மிகச் சிறியது, சுமார் மூன்றில் ஒரு பாகம் டிகிரி. அதனால் கண் இருக்கும் உயரத்தைப் பொறுத்துத் தூரம் மாறும். கண் 160 சென்டிமீட்டர் உயரத்தில் இருந்தால் ‘தண்ணீர்’ ஏறக்குறைய 280 மீட்டரில் தொடங்கும். கண் 100 சென்டிமீட்டர் உயரத்தில் இருக்கும் சிறுவனுக்கு 175 மீட்டரிலேயே. மூன்று மீட்டர் கரைமேல் ஏறி நின்றால் 800 மீட்டருக்குப் போய்விடும்; அதற்குள் ஆறு வளைந்துவிட்டால் ஒன்றுமே தெரியாது. நெருங்க நெருங்க விலகும். பலமாகக் காற்றடித்தால் கலையும்.

இதில் ‘விலகும்’ என்பதை மட்டும் உடையுங்கள். உங்கள் நாட்டில் கானல் விலகாது, நின்றுவிடும். மீதியை அப்படியே வைத்துக்கொண்டால் கதை தானாக நகரும். சிறுவன் காலை நனைக்கும் இடத்தில் அவன் அப்பா வெறும் மணலில் நிற்பார். ஆற்றின் கரை எது என்று இருவருக்கும் வழக்கு வரும். குனிந்து களை பறிக்கும் கிழவிக்கு எல்லாரையும்விடக் கிட்டத்தில் ஆறு வரும். நீந்திக்கொண்டிருக்கும்போது காற்றடித்தால், நீந்தியவன் சுடுமணலில் விழுவான். இவற்றில் ஒன்றைக்கூட நீங்கள் புதிதாகக் கற்பனை செய்ய வேண்டியதில்லை.

மாயம் முதலில் தோன்றும் இடத்தை வானத்தில் வைக்காதீர்கள், இடுப்பில் வையுங்கள். 15 லிட்டர் குடம் நிறைந்தால் தண்ணீர் மட்டுமே 15 கிலோ. அதைச் சுமந்து வரும் பெண் ஒரு பக்கம் சாய்ந்து நடக்கிறாள். குடம் தளும்புகிறது, பாவாடை ஓரம் நனைகிறது. ஆனால் சிந்திய துளி மணலில் குழி பறிக்கவில்லை. இந்த ஒரு வரி போதும். இதே இடத்தில் மரம் பேசி, வானம் பச்சையாகி, நிழலும் எழுந்து நடந்தால் வாசகர் எதையும் நம்பமாட்டார். அதோடு, இரண்டு பக்கத்துக்கு விளக்கம் சொல்லும் முனிவரைத் தயவுசெய்து எடுத்துவிடுங்கள். மாயத்தின் விதியை அதில் அடிபட்டவர்கள் மூலமாகத்தான் வாசகர் கற்க வேண்டும்.

முடிவுக்கு ஒரு யோசனை. நம் பக்கத்துப் பாரதக் கூத்து பார்த்தவர்களுக்கு மய சபை தெரியும். துரியோதனன் தரையைத் தண்ணீர் என்று நினைத்து உடையைத் தூக்கினான். பிறகு தண்ணீரைத் தரை என்று நினைத்து விழுந்தான். உங்கள் கதையில் முதல் பாதிதான் இருக்கிறது. 2021 நவம்பரில் பாலாறு இரு கரையும் தொட்டு ஓடியதே, அப்படி ஒரு நிஜ வெள்ளம் வரட்டும். கானல் வானத்தின் நிறம், சத்தமில்லாதது. வெள்ளம் செம்மண் நிறம், தூரத்திலேயே இரைச்சல் கேட்கும். இந்த இரண்டு வித்தியாசத்தையும் முதல் மூன்று அத்தியாயங்களுக்குள் பேச்சோடு பேச்சாகச் சொல்லிவிடுங்கள். பொய்யாற்றுக்குப் பழகிப்போன ஊர், இரைச்சலைக் கேட்டும் எழுந்து ஓடாமல் இருப்பதுதான் பயம்.

மலைக்குகைக்குள் காலம் மெதுவாக ஓடுகிறது. வெளியே வந்தவன் எத்தனை நாள் போயிற்று என்று எப்படிக் கண்டுபிடிப்பான்?
– வாசகர், குடியாத்தம்

முதலில் விகிதத்தை முடிவு செய்து தாளில் எழுதி ஒட்டிக்கொள்ளுங்கள். நாழிகைக் கணக்கு வசதியானது. ஒரு நாழிகை 24 நிமிடம், ஒரு நாளுக்கு 60 நாழிகை. குகையில் ஒரு நாழிகை, ஊரில் ஒரு நாள் என்று வைத்தால் இரண்டு மணி நேரத்துக்கு ஐந்து நாள் போகும். வீட்டில் கரைத்து வைத்த இட்லி மாவு பொங்கி வழிந்து காய்ந்திருக்கும். ஓர் இரவு முழுக்கத் தங்கினால் 30 நாள்.

இங்கேதான் பலர் சறுக்குவார்கள். நிலவைப் பார்த்து நாள் போனதைக் கண்டுபிடித்தான் என்று எழுதிவிடுவார்கள். பௌர்ணமிக்குப் பௌர்ணமி சுமார் 29½ நாள். பௌர்ணமியன்று போனவன் 30 நாள் கழித்து வந்தாலும் தலைக்குமேல் வட்ட நிலவுதான், அவனுக்குச் சந்தேகமே வராது. இதைப் பயன்படுத்துங்கள். அவன் வீடு வரை சிரித்துக்கொண்டே வரட்டும். வாசலில் கட்டிவிட்டுப் போன கன்று கயிறு பற்றாமல் வளர்ந்து நிற்கட்டும்.

கானல் ஆறாவது போன்ற மாயத்துக்குத் தமிழில் பெயரே அமையவில்லை. ஆங்கிலப் பெயர் வைக்கலாமா?
– வாசகர், வாலாஜாபேட்டை

வேண்டாம். கானலுக்கே பழந்தமிழில் பேய்த்தேர், வெண்டேர் என்று பெயர்கள் உண்டு. பேய் ஓட்டும் தேர்! இதைவிட என்ன வேண்டும்? ஆனால் ஊரே ஒரே பெயரைச் சொல்ல வேண்டியதில்லை. மாடு மேய்ப்பவர் ‘பேய்த்தேர் வந்துடுச்சு’ என்பார், மணல் வண்டிக்காரர் ‘வெள்ளை இறங்கிடுச்சு’ என்பார், அதில் பிள்ளையைப் பறிகொடுத்தவள் பெயரே சொல்லமாட்டாள், ‘அது’ என்பாள்.