குரல் உடையும் வயதைப் பற்றி, ஜெர்மனியில் வாழும் ஒரு தாய்க்கு

அன்புள்ள அம்மாவுக்கு,

சிறுவர் படமொன்றில் நடிக்க உங்கள் 11 வயது மகன் தேர்வாகியிருப்பதாக முதல் வரியில் மகிழ்ந்து, இரண்டாம் வரியிலேயே படிப்பு கெட்டுவிடுமோ என்று கலங்கியிருக்கிறீர்கள்.

அந்தக் கவலையில் பாதியை ஜெர்மன் சட்டமே சுமந்துகொள்கிறது. 6 வயதைத் தாண்டிய பிள்ளையிடம் படப்பிடிப்பில் நாளொன்றுக்கு 3 மணி நேரத்துக்கு மேல் வேலை வாங்கக் கூடாது. அதன்பின் தொடர்ந்து 14 மணி நேரம் ஓய்வு தர வேண்டும். பெற்றோரின் எழுத்துமூலச் சம்மதமும் மருத்துவச் சான்றும் இல்லாமல் அனுமதி கிடைக்காது. பள்ளிப் படிப்பு பாதிக்கப்படவும் கூடாது.

எனக்குள்ள கவலை வேறு. மீசை அரும்பி, குரல் உடையும்போது என்ன ஆகும்? சிறுவர் படத்தில் கொண்டாடப்பட்ட முகத்தை அப்போது யாரும் தேடாமல் போகலாம். பிள்ளை அதைத் தன் தோல்வி என்று எண்ணிவிடுவான்.

ஜெர்மன் நடிகர் லூயி ஹாஃப்மனைப் பாருங்கள். 1997இல் பிறந்து கொலோனில் வளர்ந்தவர். 2011இல் ஹெர்மினே ஹுன்ட்கெபுர்த் இயக்கிய 'டாம் சாயர்' படத்தில் டாமாக நடித்தார். அடுத்த ஆண்டு வந்த ஹக் ஃபின் படத்திலும் அதே வேடம். அந்தக் குறும்புக்காரப் பையனையே அவர் காலமெல்லாம் நடித்துக்கொண்டிருக்கவில்லை. 2015இல் வந்த 'ஃப்ரைஷ்டாட்' படத்தில், 1968ஆம் ஆண்டின் சீர்திருத்த இல்லமொன்றில் அடைக்கப்பட்ட பையனாக வந்தார். அதே ஆண்டு, போர் முடிந்த டென்மார்க் கடற்கரையில் கண்ணிவெடி அகற்றும் ஜெர்மன் சிறுவர் கைதிகளுள் ஒருவராக 'லேண்ட் ஆஃப் மைன்' படத்தில் நடித்தார். அந்தப் படம் ஆஸ்கார் பரிந்துரை வரை போனது. 2017இல் 'டார்க்' தொடரில் யோனாஸ் வேடம். வயது ஏற ஏற வேடமும் கனத்தது. இது எல்லோருக்கும் வாய்க்கும் என்று நான் சொல்ல மாட்டேன். அதனால்தான் பள்ளிப் படிப்பை விடவேண்டாம் என்கிறேன்.

பள்ளி இறுதித் தேர்வான அபிட்டூரை உங்கள் மகன் முடிக்கட்டும். ஆசை அப்போதும் குறையாதிருந்தால், பெர்லினின் எர்ன்ஸ்ட் புஷ், மியூனிக்கின் ஓட்டோ ஃபால்கன்பெர்க் போன்ற நடிப்புப் பள்ளிகளின் தேர்வுக்குப் போகலாம். சிறு வயதில் நடித்த படத்தைக் காட்டி அங்கே இடம் வாங்கிவிட முடியாது. எல்லோரையும் போல நடித்துக் காட்டித்தான் நுழைய வேண்டும்.

முன்பணம் கேட்கும் முகவரிடம் மட்டும் போகாதீர்கள். நல்ல முகவர் பிள்ளை சம்பாதித்த பிறகே தன் பங்கை எடுப்பார். ஒப்பந்தத்தில் கையெழுத்திடுமுன் படப்பிடிப்பு நாட்களின் பட்டியலை வாங்கி வகுப்பாசிரியரிடம் காட்டுங்கள். தேர்வு வாரத்தில் ஒரு நாள் விழுந்தாலும் மாற்றித் தரச் சொல்லுங்கள், தயங்க வேண்டாம்.