கோத்தகிரி 90.4 ஊட்டியில் ஏன் எடுக்கவில்லை?

ரேடியோ செட்டில் கோளாறு இருக்க வாய்ப்பு குறைவு. கோத்தகிரி பஜாரில் தெளிவாகக் கேட்ட ரேடியோ கோத்தகிரி உங்கள் ஊட்டி வீட்டில் வெறும் இரைச்சலாக வருகிறது என்றால், காரணம் பெரும்பாலும் தொட்டபெட்டாதான். 2,637 மீட்டர் மலை நடுவில் நிற்கிறது. எஃப்எம் அலை அதைத் துளைத்து வராது.

ரேடியோ கோத்தகிரி, கீஸ்டோன் என்ற தொண்டு அமைப்பு உள்ளூர் மக்களுக்காக நடத்தும் சமுதாய வானொலி. இப்படி நிலையம் நடத்தத் தொண்டு நிறுவனங்களுக்கு 2006-இல் அனுமதி கொடுத்தபோதே, ஒலிபரப்பு வலுவுக்கு 100 வாட் என்று வரம்பும் வைத்துவிட்டார்கள். மலைமக்களின் மொழிகள் ஒலிக்கும் நிலையத்துக்கு மலை முழுக்க எட்டும் வலு இல்லை, என்ன செய்ய!

தொட்டபெட்டா சந்திப்பைத் தாண்டி, கோத்தகிரிப் பக்கம் இறங்கும் சாலையில் ஏரியலை முழுதாக இழுத்து வைத்துப் பாருங்கள். செல்போன் என்றால் இயர்போன் வயர்தான் ஏரியல், மாட்டாமல் எடுக்காது.

ஒன்று, இவ்வகை நிலையங்கள் பெரும்பாலும் நாள் முழுக்க ஓடாது. நிகழ்ச்சி நேரத்தை விசாரித்துவிட்டுக் கிளம்புங்கள்.