ஹார்னாக் பற்றிக் கேட்டீர்கள்: கேள்வி பதில்

போன முறை நிசேயா சங்கத்தை, அதாவது நான்காம் நூற்றாண்டில் ஆயர்கள் கூடிய பெரிய திருச்சபைக் கூட்டத்தைப் பற்றிப் பேசும்போது ஜெர்மன் இறையியலாளரும் திருச்சபை வரலாற்றாளருமான அடால்ஃப் ஃபான் ஹார்னாக்கின் பெயரைச் சொன்னேன். அதற்குப் பிறகு வந்த கேள்விகளில் பெரும்பாலானவை அவரைப் பற்றியவை. பல வருடங்களாக நான் விரும்பி வாசிக்கும் அறிஞர் அவர். அவரோடு எனக்குப் பலமான கருத்து வேறுபாடும் உண்டு. இரண்டையும் மறைக்காமல் பதில் சொல்கிறேன்.

ஐயா, இவர் எந்த ஊர்க்காரர்? சுருக்கமாகச் சொல்லுங்கள்.

1851இல் தோர்பாத் நகரில் பிறந்தார். இன்று அது எஸ்தோனியாவின் தார்த்து. அன்று ரஷ்யப் பேரரசுக்குள் இருந்த ஜெர்மன் பல்கலைக்கழக நகரம். அப்பா தியோதோசியஸ் ஹார்னாக், உறுதியான லூத்தரன் இறையியல் பேராசிரியர். மகன் லைப்சிக், கீசன், மார்பர்க் எனப் பல பல்கலைக்கழகங்களில் கற்பித்துவிட்டு 1888இல் பெர்லின் வந்தார். 1930இல் ஹைடல்பர்க்கில் இறந்தார்.

பெர்லின் வேலை லேசாகக் கிடைக்கவில்லை. சில புதிய ஏற்பாட்டு நூல்களை எழுதியவர் யார் என்பதிலும் அற்புதங்களிலும் அவருக்கு ஐயம் உண்டு என்று சொல்லி, பிரஷ்யத் திருச்சபையின் மேல்மன்றம் நியமனத்தை எதிர்த்தது. விவகாரம் பிஸ்மார்க்கின் அமைச்சரவை வரை போனது. கடைசியில் புதிதாகப் பட்டத்துக்கு வந்திருந்த ஜெர்மன் பேரரசர் (கைசர்) இரண்டாம் வில்லியம் கையெழுத்திட்டு முடித்துவைத்தார்.

அவர் புதிதாக என்ன சொன்னார்? இறையியல் கல்லூரியில் "கிரேக்கமயமாதல்" என்று ஒரு வரியில் சொல்லிவிட்டுப் போய்விட்டார்கள்.

தம்பி, அந்த ஒரு வரிக்குப் பின்னால் மூன்று பெரிய தொகுதிகள் இருக்கின்றன. கோட்பாட்டு வரலாறு என்ற அந்த நூல் 1886 முதல் 1890 வரை வெளிவந்தது. அதன் மையக் கருத்து இதுதான்: திரித்துவம், கிறிஸ்துவின் இரு இயல்புகள் போன்ற கோட்பாடுகள், நற்செய்தி என்ற நிலத்தில் கிரேக்கச் சிந்தனை எழுப்பியவை. கலிலேயாவில் இயேசு பேசியது பிதாவைப் பற்றி, மனித ஆத்துமாவின் மதிப்பைப் பற்றி. நான்காம் நூற்றாண்டு ஆயர்கள் வாதாடியதோ சாரம், இயல்பு, ஆள் என்ற மெய்யியல் சொற்களில். இந்த இரண்டுக்கும் நடுவில் என்ன நடந்தது என்பதை ஆவணம் ஆவணமாகப் பின்தொடர வேண்டும் என்றார்.

இரகசிய ஞானத்தால் மீட்பு கிடைக்கும் என்று நம்பிய பழைய ஞோஸ்திக் குழுக்களைப் பற்றிய அவருடைய பார்வை இன்னும் கூர்மையானது. நற்செய்தியைக் கிரேக்கமயமாக்கும் காரியத்தை, திருச்சபை சில நூற்றாண்டுகள் எடுத்து மெதுவாகச் செய்ததை, அவர்கள் ஒரே தாவலில் செய்துவிட்டார்கள் என்பது அவர் வாதம்.

இந்தப் பிரிப்பு இன்று அப்படியே நிற்காது. இயேசுவின் காலத்து யூத உலகத்திலேயே கிரேக்கம் ஊறிப்போயிருந்தது என்பதை மார்ட்டின் ஹெங்கல் போன்ற ஆராய்ச்சியாளர்கள் பின்னால் விரிவாகக் காட்டிவிட்டார்கள். ஞோஸ்திக் நூல்களோ 1945இல் எகிப்தின் நாக் ஹம்மாதியில் கட்டுக்கட்டாகக் கிடைத்தன. ஹார்னாக் அவற்றைப் பார்க்கவே இல்லை. ஆனாலும் கோட்பாட்டுக்கு ஒரு வரலாறு உண்டு, அதை ஆராயலாம், ஆராய்ந்தே ஆகவேண்டும் என்ற நிலைக்கு இறையியலைக் கொண்டுவந்ததில் அவருக்குப் பெரிய பங்குண்டு.

அப்போஸ்தலர் விசுவாசப்பிரமாணத்தைத் தூக்கிவிடச் சொன்னவர் இவர்தானே?

இல்லை. கிறிஸ்தவ விசுவாசத்தைச் சுருக்கமாகச் சொல்லும் அந்தப் பழைய அறிக்கையைப் பற்றி, அவர் சொன்னதாக அடிக்கடி தப்பாகச் சொல்லப்படும் விஷயம் இது. வூர்ட்டம்பர்க்கில் கிறிஸ்டோஃப் ஷ்ரெம்ப் என்ற குருவானவர் ஞானஸ்நானத்தில் அந்தப் பிரமாணத்தைச் சொல்ல மனச்சாட்சி இடம் தரவில்லை என்றார். 1892இல் அவரைப் பதவியிலிருந்து நீக்கினார்கள். நாங்களும் எதிர்த்து மனு கொடுக்கலாமா என்று பெர்லின் மாணவர்கள் ஹார்னாக்கிடம் போய்க் கேட்டார்கள். பிரமாணத்தை ஒழிக்கக் கேட்காதீர்கள் என்பதுதான் அவர் பதில். அதோடு, "கன்னிமரியாளிடத்தில் பிறந்து" போன்ற வரிகளை வரலாற்று உண்மையாக ஏற்க முடியாத ஒருவர் திருச்சபைக்குள் இருக்க இடம் வேண்டும், பழையதற்குப் பக்கத்தில் சுருக்கமான ஒரு புதிய அறிக்கையும் இருக்கலாம் என்றார்.

ஜெர்மனி முழுக்கச் சண்டை கிளம்பியது. அவரைச் சமன்செய்ய, பழமையைப் பேணும் அடால்ஃப் ஷ்லாட்டரைப் பெர்லினுக்குக் கொண்டுவந்தார்கள்.

இதைவிட என்னை வருத்துவது வீட்டுக்குள் நடந்தது. கோட்பாட்டு வரலாற்றின் முதல் தொகுதியைப் படித்த அப்பா, உயிர்த்தெழுதலை இப்படிப் பார்க்கிறவர் என் கண்ணில் கிறிஸ்தவ இறையியலாளரே இல்லை என்று மகனுக்கு எழுதினார்.

கணிதத்தில் "ஹார்னாக் சமனின்மை" என்று படித்தேன். இவரா?

இல்லை, அது இவருடைய இரட்டைச் சகோதரரான கணித அறிஞர் ஆக்ஸல். 1888இலேயே இறந்துவிட்டார்.

தாராளவாதி என்றால் எல்லா நூலையும் பிந்திய காலத்துக்குத் தள்ளுகிறவர்தானே? எங்கள் ஆயர் அப்படித்தான் சொன்னார்.

ஹார்னாக் விஷயத்தில் அது பொருந்தாது. ஆதிக் கிறிஸ்தவ நூல்களின் காலவரிசையை ஆராய்ந்து 1897இல் வெளியிட்டபோது, நாம் மரபு சொன்ன பக்கமாகத் திரும்பிக்கொண்டிருக்கிறோம் என்று முன்னுரையிலேயே எழுதினார். 1906இல் லூக்காவைப் பற்றி எழுதி, மூன்றாம் நற்செய்தியையும் அப்போஸ்தலர் நடபடிகளையும் எழுதியவர் பவுலின் தோழரான வைத்தியர்தான் என்று வாதாடினார். 1911இல் அதற்கும் மேலே போய், நடபடிகள் நூல் பவுல் உயிரோடு இருந்தபோதே எழுதப்பட்டிருக்க வேண்டும் என்றார். சக ஆராய்ச்சியாளர்கள் பலர் ஒத்துக்கொள்ளவில்லை. இன்றும் பெரும்பாலானோர் ஒத்துக்கொள்வதில்லை. நானும் அந்தத் தேதியை ஏற்கவில்லை. ஆனால் தன் அணிக்குப் பிடிக்காத முடிவு என்று தெரிந்தும் ஆதாரம் இழுத்த பக்கம் போனாரே, அந்த நேர்மைக்காகவே அவரை மதிக்கிறேன்.

ஒரு இறையியலாளர் அறிவியல் நிறுவனத்துக்கு எப்படித் தலைவரானார், ஐயா?

1905 முதல் 1921 வரை பெர்லின் அரச நூலகத்தின் தலைமை இயக்குநராகவும் இருந்தார் என்பதைச் சேர்த்துக்கொள்ளுங்கள். திருச்சபைப் பிதாக்களின் கிரேக்க நூல்களைச் செம்பதிப்பாகக் கொண்டுவர 1891இல் பிரஷ்ய அகாடமி ஒரு குழு அமைத்தது. அதை அவர் நடத்திய விதத்தில், பல அறிஞர்களைச் சேர்த்துப் பெரிய வேலை வாங்கத் தெரிந்தவர் என்று பெயர் பெற்றார். 1909இல் கைசருக்கு ஒரு விண்ணப்பம் எழுதினார்: கற்பிக்கும் சுமை இல்லாத ஆராய்ச்சி நிலையங்கள் வேண்டும், இல்லையென்றால் ஜெர்மனி பின்தங்கிவிடும் என்று. 1911இல் கைசர் வில்லியம் சங்கம் என்ற அறிவியல் ஆராய்ச்சி அமைப்பு பிறந்தது. சாகும்வரை அதன் தலைவர் அவர். இன்றைய மாக்ஸ் பிளாங்க் சங்கம் அதன் தொடர்ச்சி.

கார்ல் பார்த் இவருடைய மாணவர் என்கிறார்களே. அப்புறம் ஏன் பிரிந்தார்கள்?

பிற்காலத்தில் பெரிய இறையியலாளராகப் பெயர் பெற்ற பார்த் இவருடைய மாணவர்தான். முதல் உலகப் போர்தான் பிரிவுக்கு முதல் காரணம். 1914 ஆகஸ்டில் ஜெர்மன் மக்களுக்குக் கைசர் விடுத்த அறிக்கையை எழுத ஹார்னாக் உதவினார். அக்டோபரில் போரை நியாயப்படுத்திய 93 அறிவாளர்களின் அறிக்கையிலும் கையெழுத்திட்டார். தான் மதித்த ஆசிரியர்களின் பெயர்களைப் போர் ஆதரவாளர்களின் வரிசையில் கண்ட கார்ல் பார்த்துக்கு அவர்களுடைய இறையியல் மேலேயே நம்பிக்கை போய்விட்டது. 1923இல் இருவரும் ஒரு பத்திரிகையில் பகிரங்கமாக மோதினார்கள். அறிவியல் இறையியலை இகழ்கிறவர்களுக்கு என்று ஹார்னாக் பதினைந்து கேள்விகள் வைத்தார்; பார்த் பதில் எழுதினார். இந்தக் கையெழுத்து விஷயத்தில் நான் பார்த் பக்கம். ஆனால் போருக்குப் பிறகு ஹார்னாக் புதிய குடியரசை மனதார ஆதரித்தார் என்பதையும் சொல்ல வேண்டும்.

பழைய ஏற்பாடு வேண்டாம் என்றாராமே? நாஜிகளுக்கு வழிவிட்டது அவர்தானா?

மிக முக்கியமான கேள்வி. பைபிளிலிருந்து எபிரேய வேதத்தை, அதாவது பழைய ஏற்பாட்டை, முழுசாக ஒதுக்கியவர் இரண்டாம் நூற்றாண்டுக் கிறிஸ்தவப் போதகர் மார்சியன். தோர்பாத்தில் மாணவராக இருந்தபோதே ஹார்னாக் அவரைப் பற்றி எழுதிப் பரிசு வாங்கினார்; கடைசிக் காலத்தில் அவரைப் பற்றிப் பெரிய நூலும் எழுதினார். அதில் இப்படிச் சொல்கிறார்: இரண்டாம் நூற்றாண்டில் பழைய ஏற்பாட்டை விலக்கியிருந்தால் தவறு, திருச்சபை மறுத்தது சரி, பதினாறாம் நூற்றாண்டில் அதை வைத்துக்கொண்டது தவிர்க்கமுடியாத விதி, பத்தொன்பதாம் நூற்றாண்டுக்குப் பிறகும் புரோட்டஸ்டண்டு சபை அதை வேத அதிகாரமுள்ள நூலாக வைத்திருப்பது சமய, சபை வாழ்வு முடங்கிப்போனதன் விளைவு.

இங்கேதான் அவர் அடிப்படையிலேயே தவறினார் என்று நினைக்கிறேன். சங்கீதங்களையும் ஏசாயாவையும் எடுத்துவிட்டால் இயேசு ஜெபித்த வார்த்தைகளே போய்விடும். இந்தக் குறை புதியதும் அல்ல. 1899–1900 குளிர்காலத்தில் பெர்லினில் சுமார் 600 மாணவர்கள் கேட்ட "கிறிஸ்தவத்தின் சாரம்" உரைகளிலேயே யூத மதத்தை வெளிறிய பின்னணியாகத்தான் காட்டினார். ரபி லியோ பேக் 1905இல் யூத மதத்தின் சாரத்தை எழுதி அதற்குப் பதில் சொன்னார்.

ஆனாலும் அவரை நாஜி ஆள் என்று சொல்வது அநியாயம். மகன் எர்ன்ஸ்ட் ஹிட்லருக்கு எதிரான முயற்சியில் ஈடுபட்டதற்காக 1945 மார்ச்சில் கொல்லப்பட்டார்; தம்பி மகன் ஆர்விட் 1942 டிசம்பரில். 1930இல் அவருக்கு நடந்த நினைவுக் கூட்டத்தில் மாணவர்கள் சார்பில் பேசியவர், பின்னால் ஹிட்லரை எதிர்த்துக் கொல்லப்பட்ட இறையியலாளர், அன்று 24 வயது டீட்ரிக் போன்ஹாஃபர். அவர்கள் எதிர்த்து நின்றதை வைத்து ஹார்னாக்கின் கருத்தைச் சரியாக்க முடியாது. அந்தக் கருத்தை வைத்து அவரை ஹிட்லரோடு சேர்க்கவும் முடியாது.

எதிலிருந்து வாசிக்கத் தொடங்கலாம்?

கோட்பாட்டு வரலாற்றில் தொடங்காதீர்கள், பாதியில் விட்டுவிடுவீர்கள். 1902இல் வந்த முதல் மூன்று நூற்றாண்டுகளின் மிஷனரி வரலாற்றை எடுங்கள். 251 வாக்கில் ரோமா ஆயர் கொர்னேலியு எழுதிய கடிதம் அதில் வருகிறது: 46 மூப்பர்கள், ஏழு உதவிக்காரர்கள், பேயோட்டுகிறவர்கள், வாசகர்கள், வாசல் காப்போர் சேர்த்து 52 பேர், சபை சோறு போட்ட விதவைகளும் ஏழைகளும் 1,500 பேருக்கு மேல். இப்படிச் சின்னச் சின்னத் தகவல்களைக் கோத்து, கிறிஸ்தவம் ஊர் ஊராகப் பரவியதை அவர் காட்டுகிறார். அதை முடித்துவிட்டுச் சார உரைகளுக்கு வாருங்கள். கையோடு லியோ பேக்கையும் வாசியுங்கள்.