அப்பாவின் குரலைப் பேச வைக்கலாமா?

கேள்வி: அப்பா தவறி மூன்று மாதம் ஆகிறது. அவருடைய வாட்ஸ்அப் குரல் பதிவுகளை வைத்து, ஏஐ மூலம் அம்மாவிடம் அவரே பேசுவதுபோல் செய்யலாம் என்கிறான் வெளிநாட்டிலிருக்கும் தம்பி. செய்யலாமா?
– வாசகி, தஞ்சாவூர்

பதில்: அதற்கு முன் அப்பாவின் சிம்முக்கு இன்றே ரீசார்ஜ் செய்யுங்கள். 90 நாள் பயன்படுத்தாத ப்ரீபெய்டு எண் முடக்கப்பட்டு, பிறகு வேறொருவருக்குப் போய்விடலாம். 120 நாள் பயன்பாடில்லாத வாட்ஸ்அப் கணக்கையும் நீக்கிவிடுவார்கள்.

அடுத்து, பதிவுகள். ஆண்ட்ராய்டு போனைக் கேபிளால் கணினியில் இணைத்து, ஆண்ட்ராய்டு, மீடியா, com.whatsapp, வாட்ஸ்அப், மறுபடி மீடியா என்று ஒன்றுக்குள் ஒன்றாகப் போனால் ‘வாட்ஸ்அப் வாய்ஸ் நோட்ஸ்’ ஃபோல்டர் இருக்கும். உள்ளே வாரத்துக்கொரு ஃபோல்டர். கோப்பின் பெயரிலேயே தேதி. அவர் பேசியதும் அவருக்கு வந்ததும் கலந்தே கிடக்கும், கேட்டுத்தான் பிரிக்க வேண்டும். இரண்டு இடங்களில் நகல் வையுங்கள். போனை ரீசெட் செய்து பேரனுக்குக் கொடுப்பதெல்லாம் அப்புறம்.

தம்பி சொல்வது நடக்கக்கூடியதுதான். ஓரிரு நிமிடத் தெளிவான பேச்சிலேயே குரல் ஓரளவு வந்துவிடும். நன்றாக வர அரை மணி நேரமாவது வேண்டும். பின்னணியில் டிவி சீரியலோ ஃபேன் இரைச்சலோ இருந்தால் அதையும் சேர்த்தே கற்றுக்கொள்ளும். இரைச்சலை அளவுக்கு மீறி நீக்கினால் தகர டப்பாவுக்குள்ளிருந்து பேசுவதுபோல் ஆகிவிடும்.

சிக்கல் குரலில் இல்லை, சொல்லில். 2024-ல் ‘லால் சலாம்’ படப் பாடலுக்காக மறைந்த பாடகர்கள் பம்பா பாக்யா, சாகுல் ஹமீது குரல்களை ஏ.ஆர்.ரஹ்மான் ஏஐ வழியே கொண்டுவந்தார்; குடும்பத்தாரின் அனுமதியோடு, ஊதியமும் கொடுத்து. அங்கே பாட வேண்டிய வரி முன்பே எழுதியாயிற்று. உரையாடலில் ஒவ்வொரு வரியையும் இயந்திரமே இட்டுக்கட்டும். “சாப்ட்டியா?” என்று கேட்டவர் “நீங்கள் உணவருந்தினீர்களா?” என்பார். அதுகூடப் பரவாயில்லை. “அந்தப் பத்திரத்தை எங்க வச்சீங்க?” என்று அம்மா கேட்டால், தெரியாது என்று சொல்லாமல் ஏதோ ஒரு பீரோவைக் காட்டும். அப்பா குரலில் வருவதால் அம்மா அதை நம்பித் தேடுவார்.

ஆகவே பேசும் பொம்மை வேண்டாம் என்பதே என் கருத்து. தம்பி தனக்காகச் செய்துகொள்வதானால், பதிவேற்றிய குரலை அழிக்கும் வசதி அந்தச் செயலியில் உண்டா என்று முதலில் பார்க்கட்டும். அம்மா கேட்க விரும்பினால் அசல் பதிவுகளில் பத்தைப் பொறுக்கி எம்பி3 ஆக்கி, மெமரி கார்டில் போட்டு, பட்டன் போனில் செருகிக் கொடுங்கள். எப்போது போடுவது, எப்போது நிறுத்துவது என்பது அவர் கையில் இருக்கட்டும்.