ஜப்பானில் பொதுவெளியில் இருக்கும் கலைப்படைப்புகளில் உங்களை மிகவும் பாதித்தது எது?

டோக்கியோவின் ஷிபுயா நிலையத்தில் ஜேஆர் ரயிலிலிருந்து இனோகஷிரா என்ற ரயில் தடத்துக்கு மாறுகிறவர்கள் நடந்துபோகும் வழியில் இருக்கும் சுவரோவியம். பெயர் 'நாளையின் தொன்மம்'. வரைந்தவர் ஜப்பானியக் கலைஞர் தாரோ ஒகமோட்டோ. நீளம் 30 மீட்டர், உயரம் ஐந்தரை மீட்டர்.

அணுகுண்டு வெடிக்கும் கணம்தான் ஓவியம். நடுவில் ஒரு எலும்புக்கூடு எரிந்துகொண்டிருக்கிறது. 1954-இல் பிகினித் தீவில் அமெரிக்கா நடத்திய ஹைட்ரஜன் குண்டுச் சோதனையின் சாம்பல் விழுந்த ஜப்பானிய மீன்பிடிப் படகும் அதில் உண்டு. ஆனால் பார்த்தால் ஒப்பாரி போலத் தோன்றாது. அந்த எலும்புக்கூடு செத்துக் கிடக்கவில்லை, நிமிர்ந்து சிரிக்கிறது என்றே எனக்குப் படுகிறது. அழிவைத் தாண்டி மனிதன் எழுவான் என்பதை ஒகமோட்டோ இவ்வளவு உக்கிரமான சிவப்பில் சொல்லியிருக்கிறார்.

இது வரையப்பட்டது ஜப்பானுக்காக அல்ல. மெக்சிகோ நகரில் கட்டிக்கொண்டிருந்த ஒரு பெரிய ஹோட்டலுக்காக 1968, 69-இல் அங்கேயே போய் வரைந்தார். அதே காலத்தில்தான் ஒசாகாவில் 1970 உலகக் கண்காட்சிக்கான சூரிய கோபுர வேலையும் அவர் கையில் இருந்தது. பணமில்லாமல் ஹோட்டல் நின்றுபோனது, ஓவியமும் எங்கோ போய்விட்டது. 1996-இல் ஒகமோட்டோ இறந்தார். அவருடைய வாழ்க்கைத் துணையாக இருந்த தோஷிகோ விடாமல் தேடி, 2003-இல் மெக்சிகோ நகரின் புறநகரில் கண்டுபிடித்தார். அது ஜப்பான் வந்து சேர்ந்தது 2005-இல். அதைப் பார்க்க தோஷிகோ இல்லை, அதே வருடம் ஏப்ரலில் காலமாகிவிட்டார். இதை நினைத்தால் இன்றும் மனசு கனக்கிறது.

செப்பனிட்ட பிறகு ஹிரோஷிமாவும், ஒசாகா மாகாணத்தில் சூரிய கோபுரம் நிற்கும் சுயிடா நகரமும்கூட இதைக் கேட்டன. 2008-இல் ஷிபுயாவுக்குக் கிடைத்தது. ஹிரோஷிமாதானே பொருத்தம் என்று சிலர் கேட்பார்கள். எனக்கு ஷிபுயாதான் சரி. நினைவஞ்சலி செலுத்த வருகிறவர்கள் மட்டுமல்ல, வேலைக்கு ஓடுகிறவர்களும் தினமும் இதைக் கடந்துதான் போக வேண்டியிருக்கிறது.

அப்புறம், 2011-இல் ஃபுகுஷிமா விபத்து நடந்த சில வாரங்களில், சிம்பொம் என்ற இளம் கலைஞர் குழு புகை கக்கும் அணு உலைகளை வரைந்த ஒரு சின்னப் பலகையை, ஓவியத்தின் கீழ் மூலையில் இருந்த வெற்றிடத்தில் பொருத்திவிட்டுப் போனது. மூல ஓவியத்துக்கு எந்தச் சேதமும் இல்லை. பலகையைச் சீக்கிரமே அகற்றிவிட்டார்கள், பெரிய சர்ச்சையும் ஆனது. நான் அந்தக் குழுவின் பக்கம். நாற்பது வருடத்துக்கு முந்தைய ஓவியத்தோடு அன்றைய இளைஞர்கள் பேசினார்கள் என்றால், அது அவர்களுக்கு இன்னும் உயிரோடு இருந்தது என்றுதானே பொருள்?

பார்க்க டிக்கெட் வேண்டாம். நெரிசல் நேரத்திலேயே போய்ப் பாருங்கள்.