சிஸ்டர் பதில்கள்: காய்ச்சல் விடியும்வரை காத்திருக்காது

(குழந்தைகள் புற்றுநோய் வார்டில் நெடுங்காலம் பணியாற்றி ஓய்வுபெற்ற செவிலியர், வாசகர்களின் கேள்விகளுக்குப் பதில் சொல்கிறார்.)

கேள்வி: என் ஆறு வயது மகளுக்கு ரத்தப் புற்றுநோய். சென்னையில் கீமோ போட்டுவிட்டு இடையிடையே வீட்டுக்கு அனுப்புகிறார்கள். போன மாதம் ராத்திரி உடம்பு சுட்டது. மாமியார் ஈரத்துணி போட்டு, பாரசிட்டமால் கொடுத்து, "காலையில பார்த்துக்கலாம்" என்றார். காலையில் காய்ச்சல் இல்லை. ஆனால் சென்னையில் சொன்னபோது நர்ஸ் என்னைத் திட்டிவிட்டார். அப்படி என்ன தப்பு?
- ஒரு தாய், அறந்தாங்கி

பதில்: திட்டிய நர்ஸுக்கு என் ஓட்டு. மாமியார் மேலும் எனக்குக் கோபமில்லை. மற்ற பேரப்பிள்ளைகளுக்கு அவர் செய்தது சரிதான். இந்தப் பிள்ளைக்கு மட்டும் கணக்கு வேறு.

கீமோ போட்ட ஏழெட்டு நாளிலிருந்து குழந்தையின் வெள்ளணுக்கள் இறங்கும். வார்டில் "கவுன்ட் இறங்கிடுச்சு" என்று சொல்வது இதைத்தான். கிருமியோடு முதலில் சண்டை போடுகிற நியூட்ரோஃபில் என்ற அணு 500க்குக் கீழே போய்விட்டால், அந்த உடம்பில் காவலுக்கு ஆளில்லை. சீழ் பிடிக்காது, புண் வீங்காது, சளிகூடத் தெரியாது. காய்ச்சல் ஒன்றுதான் வெளியே தெரிகிற அடையாளம். பாரசிட்டமால் கொடுத்தால் அந்த ஒரு அடையாளமும் மறைந்துவிடுகிறது. கிருமி உள்ளே தன் வேலையைப் பார்த்துக்கொண்டிருக்கும். அன்று உங்கள் மகள் தப்பித்தாள். அடுத்த முறையும் அப்படியே நடக்கும் என்று நம்பிவிட வேண்டாம்.

புறங்கையால் தொட்டுப் பார்ப்பதை விட்டுவிட்டு ஒரு டிஜிட்டல் தெர்மாமீட்டர் வாங்குங்கள். அக்குளில் வைத்தால் போதும். ஆசனவாயில் எக்காரணம் கொண்டும் வேண்டாம். எனிமா, சப்போசிட்டரி (ஆசனவாய் வழியே வைக்கும் மருந்து) இரண்டும் கூடாது. அங்கே ஒரு சின்னக் கீறல் விழுந்தாலே கிருமி ரத்தத்துக்குப் போய்விடும். 100.4 டிகிரி ஃபாரன்ஹீட் காட்டினால் நடுராத்திரி இரண்டு மணியானாலும் போன் செய்துவிட்டுக் கிளம்ப வேண்டியதுதான். (உங்கள் மருத்துவமனை வேறு எண் சொல்லியிருந்தால் அதையே வைத்துக்கொள்ளுங்கள்.) காய்ச்சலே இல்லாமல் குளிரில் நடுங்கினாலும், கை கால் ஜில்லிட்டுக் குழந்தை சோர்ந்து கிடந்தாலும் அதே அவசரம்தான். போர்ட்டிலோ பிக் லைனிலோ (மருந்து ஏற்றுவதற்காக ரத்தக்குழாய்க்குள் வைத்திருக்கும் குழாய்கள்) மருந்து ஏற்றியதும் நடுக்கம் வந்தால், அந்தக் குழாயிலேயே கிருமி இருக்கலாம். இப்யூபுரோஃபென், ஆஸ்பிரின் இரண்டும் வீட்டிலேயே இருக்க வேண்டாம். ரத்தத்தை உறையவைக்கும் தட்டணு குறைந்த பிள்ளைக்கு ரத்தக்கசிவைக் கூட்டிவிடும்.

இன்னொன்று. அறந்தாங்கியிலிருந்து சென்னைக்கு ராத்திரியில் ஓட முடியாது. மருத்துவமனைக்குள் நுழைந்த ஒரு மணி நேரத்துக்குள் முதல் ஆன்டிபயாட்டிக் ஊசி ஏற வேண்டும் என்பது எங்கள் வார்டுச் சட்டம். அதனால் குழந்தை நன்றாக இருக்கும் ஒரு நாளில் புதுக்கோட்டை மருத்துவக் கல்லூரி மருத்துவமனைக்குப் போய், குழந்தைகள் பிரிவில் ஃபைலைக் காட்டிப் பேசி வையுங்கள். "காய்ச்சல் வந்தால் ரத்தம் எடுத்துவிட்டு இந்த ஊசியைத் தொடங்கவும்" என்று சென்னை டாக்டரிடம் ஒரு கடிதம் வாங்கி ஃபைலின் முதல் பக்கத்தில் வையுங்கள். டூட்டி டாக்டர் வயதில் சின்னவராக இருந்தாலும் அந்தக் கடிதத்தைப் பார்த்தால் தயங்க மாட்டார். அப்புறம், அந்தக் கடிதத்தை மாமியாருக்கும் ஒருமுறை படித்துக் காட்டுங்கள்.

கேள்வி: பேரனுக்கு முடி கொட்ட ஆரம்பித்துவிட்டது. எப்படியும் போகப்போகிற முடிதானே, குலதெய்வக் கோயிலில் இறக்கிவிடலாமா?
- ஒரு பாட்டி, கரூர்

பதில்: கவுன்ட் இறங்கியிருக்கும் நேரத்தில் கோயில் கூட்டமும் வேண்டாம், சவரக்கத்தியும் வேண்டாம். வீட்டிலேயே டிரிம்மரில் ஒட்ட வெட்டிவிடுங்கள், அதுவும் அவன் சரி என்றால் மட்டும். வேண்டுதலைச் சிகிச்சை முடிந்ததும் செலுத்தலாம். அதற்குள் புது முடி வந்திருக்கும், சில பிள்ளைகளுக்குச் சுருட்டையாகக்கூட!

கேள்வி: கீமோ மருந்தே நித்தியகல்யாணிச் செடியிலிருந்துதான் வருகிறதாமே? எங்கள் வேலியெல்லாம் அதுதான். இலையைக் கஷாயம் வைத்துப் பேத்திக்குக் கொடுத்தால் பக்கவிளைவு இருக்காது என்கிறார் தெரிந்த ஒருவர்.
- ஒரு தாத்தா, செய்யாறு

பதில்: முதல் பாதி உண்மை. வின்கிரிஸ்டின் என்ற கீமோ மருந்து அந்தச் செடியிலிருந்து வந்ததுதான். ஆனால் ஒரு கிராம் மருந்துக்கு நூற்றுக்கணக்கான கிலோ காய்ந்த இலை வேண்டும். பேத்திக்கு ஒரு தடவைக்கு ஏற்றுவதோ வழக்கமாக 2 மில்லிகிராமுக்கு மேல் போகாது. அதையும் உயரம், எடை பார்த்துக் கணக்குப் போட்டு, இரண்டு பேர் சரிபார்த்து, ரத்தக்குழாயில் மட்டும்தான் செலுத்துவோம். இவ்வளவு அளந்து கொடுத்தே பிள்ளைகளுக்கு மலச்சிக்கல், தாடை வலி, கால் மரத்துப்போவது எல்லாம் வருகிறது. கஷாயத்தில் எந்த நஞ்சு எவ்வளவு என்று யார் அளப்பது? வேலியில் பூவாகவே இருக்கட்டும்.

நம் பக்கத்துப் பெருமை பேச ஆசையென்றால் வேறு ஒன்று சொல்கிறேன். பேத்தி சாப்பிடும் மெத்தோட்ரெக்சேட் மாத்திரைக்குப் பின்னால் சென்னை மருத்துவக் கல்லூரியில் படித்த ஒருவர் இருக்கிறார்: எல்லாப்பிரகட சுப்பாராவ். அமெரிக்காவின் லெடர்லே ஆய்வகத்தில் அவர் தலைமையில் இருந்த குழு உருவாக்கிய வரிசை மருந்து அது. அதற்கு முன்னோடியான அமினாப்டெரினைத்தான் 1947-48ல் பாஸ்டனில் சிட்னி ஃபார்பர் ரத்தப் புற்றுநோய்க் குழந்தைகளுக்குக் கொடுத்தார். கொஞ்ச காலமாவது நோய் அடங்கியதை மருத்துவ உலகம் அப்போதுதான் பார்த்தது.

மெத்தோட்ரெக்சேட் மாத்திரை வாரத்துக்கு ஒரு நாள்தான். கூடவே தருகிற மெர்காப்டோப்யூரின் தினமும். இரண்டையும் மாற்றிக் கொடுத்து வாயெல்லாம் வெந்துபோய் வந்த பிள்ளைகளைப் பார்த்திருக்கிறேன். தினசரி காலண்டரில் டாக்டர் சொன்ன அந்த ஒரு கிழமைத் தாள்களில் மட்டும் சிவப்புப் பேனாவால் "மெத்தோ" என்று இப்போதே எழுதி வையுங்கள். தாளைக் கிழிக்கிறவரே மாத்திரையைக் கொடுக்கட்டும்.

கேள்வி: எனக்கு 17 வயது. முழங்காலில் கட்டி என்று மட்டும் வீட்டில் சொல்கிறார்கள். ஸ்கேன் எடுக்கப் போனபோது ஃபைலில் "ஆஸ்டியோசார்கோமா" என்று பார்த்து, போனில் தேடிவிட்டேன். எனக்குத் தெரியும் என்பது அவர்களுக்குத் தெரியாது. அடுத்த வாரம் கீமோ.
- பெயர் வேண்டாம், சிவகாசி

பதில்: இதழ் கைக்கு வர நாளாகும் என்பதால் உனக்குத் தனியாகப் பதில் அனுப்பிவிட்டேன், தம்பி. உன்னைப் போல் பலர் இருப்பதால் இங்கேயும் எழுதுகிறேன்.

அப்பா அம்மா உன்னை ஏமாற்றவில்லை. அந்த வார்த்தையைச் சொன்னால் நீ உடைந்துவிடுவாய் என்று பயப்படுகிறார்கள். நீயும் அவர்கள் உடைந்துவிடுவார்கள் என்று வாயை மூடிக்கொண்டிருக்கிறாய். யாராவது ஒருவர் ஆரம்பிக்க வேண்டும். வார்டு சிஸ்டரைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு "அம்மா, நான் ஃபைலைப் பார்த்துட்டேன்" என்று மட்டும் சொல். மீதியை அவர் பார்த்துக்கொள்வார். எங்கள் வேலையில் பாதி இதுதான்.

போனில் தேடியதில் பாதியை மறந்துவிடு. இது உன் வயதுப் பிள்ளைகளுக்கு முழங்காலைச் சுற்றி அதிகம் வருகிற எலும்புப் புற்றுநோய். முதலில் சில வாரம் கீமோ, பிறகு அறுவை, மறுபடி கீமோ. இப்போது பெரும்பாலானவர்களுக்குக் காலை எடுக்காமலே கட்டி இருக்கும் எலும்பை மட்டும் நீக்கி உள்ளே உலோகம் வைத்துவிடுகிறார்கள். உனக்கு எது என்பதை ஸ்கேன் பார்த்த டாக்டரிடம் நீயே கேள். கேட்கிற உரிமை உனக்கு உண்டு.

நம் ஊரில் யாரும் வாய்விட்டுச் சொல்லாத ஒன்று: இந்த மருந்துகளில் சில, பிற்காலத்தில் குழந்தை பெறும் வாய்ப்பைக் குறைக்கலாம். முதல் கீமோவுக்கு முன்பே விந்தைச் சேமித்து வைக்க வழி இருக்கிறது. ஆரம்பித்த பிறகு கேட்டால் பிரயோஜனம் இல்லை. கூச்சமாக இருந்தால் துண்டுச் சீட்டில் எழுதி டாக்டரிடம் நீட்டு. பெற்றோர்களே, நீங்கள் கேட்டாலும் தப்பில்லை.

கேள்வி: புதிதாகக் குழந்தைகள் புற்றுநோய் வார்டில் போட்டிருக்கிறார்கள். நாலு வயசுப் பையன் ஒருவன் என்னைப் பார்த்தாலே அலறுகிறான். ஊசியை எடுத்தால் எனக்கே கை நடுங்குகிறது.
- ஒரு செவிலியர், மதுரை

பதில்: ஜூனியர் என்பதால் நீ என்றே எழுதுகிறேன். நாளைக்கு வெறுங்கையோடு அவன் கட்டிலுக்குப் போ. ஒன்றும் செய்யாமல் திரும்பி வா. இரண்டு நாள் இப்படி நடக்கட்டும்.

ஊசியைக் கட்டிலில் வைத்துப் போடாதே. பிரொசீஜர் ரூமுக்குத் தூக்கிப் போ. கட்டில் அவன் பயமில்லாமல் தூங்குகிற இடமாக இருக்க வேண்டும். மரத்துப்போகிற கிரீமை ஒரு மணி நேரம் முன்பே தடவி பிளாஸ்டிக்கால் மூடி வை. நாலு பேர் சேர்ந்து படுக்கவைத்து அமுக்குவதைவிட, அம்மா மடியில் நெஞ்சோடு நெஞ்சாக உட்காரவைத்தால் கை அசையாது. "வலிக்காது" என்று மட்டும் சொல்லிவிடாதே. "சுருக்குன்னு இருக்கும், பத்து எண்ணுறதுக்குள்ள முடிஞ்சிடும்" என்று சொல், பத்தில் முடி. இரண்டு தடவை குத்தியும் நரம்பு கிடைக்கவில்லையா, வென்ஃப்ளானை (மருந்து ஏற்றும் ஊசிக்குழாயை) கீழே வைத்துவிட்டு சீனியரைக் கூப்பிடு. அதில் கௌரவம் பார்க்காதே. வின்கிரிஸ்டின், டாக்ஸோரூபிசின் போன்ற கீமோ மருந்துகளை ஏற்றுவதற்கு முன் பின்னுக்கு இழுத்து ரத்தம் வருகிறதா என்று பார்க்காமல் ஒரு சொட்டும் விடாதே. வெளியே கசிந்தால் சதை வெந்துவிடும்.

கேள்வி: மூத்தவனுக்குக் கீமோ நடக்கிறது. சின்னவளுக்குப் போலியோ சொட்டு மருந்து போடலாமா?
- ஒரு தந்தை, நெய்வேலி

பதில்: சொட்டு வேண்டாம். அதில் உயிருள்ள கிருமி இருக்கிறது. மலத்தில் வெளியேறி மூத்தவனுக்குத் தொற்றலாம். போலியோ ஊசி போடச் சொல்லிக் கேளுங்கள். வீட்டுக்கு வரும் சுகாதாரப் பணியாளரிடமும் காரணத்தைச் சொல்லிவிடுங்கள். பள்ளியிலோ தெருவிலோ யாருக்காவது அம்மை போட்டிருந்து மூத்தவன் பக்கத்தில் போயிருந்தால், கொப்புளம் வரட்டும் என்று இருக்காமல் அன்றைக்கே மருத்துவமனைக்குச் சொல்லுங்கள்.

கேள்வி: மாதாமாதம் ரயிலில் போய்வரவே கடன் வாங்குகிறோம்.
- ஒரு தாய், தென்காசி

பதில்: புற்றுநோயாளி சிகிச்சைக்குப் போய்வர ஸ்லீப்பரிலும் மூன்றாம் ஏசியிலும் கட்டணமே இல்லை. துணைக்குப் போகும் ஒருவருக்கு அதே வகுப்புகளில் 75 சதவீதச் சலுகை உண்டு. மருத்துவமனையில் ரயில்வே சலுகைப் படிவத்தில் டாக்டர் கையெழுத்தும் முத்திரையும் வாங்கி முன்பதிவு கவுன்ட்டரில் கொடுங்கள். டிஸ்சார்ஜ் ஆகும் அன்றே அடுத்த பயணத்துக்கும் சேர்த்து வாங்கிவிடுங்கள். வெறும் முத்திரைக்காக மறுநாள் வரை தங்க வேண்டியிருக்காது.